இத்தாலி நோனாவின் பெயர் அட்டை

நான் ஒரு படமும் எடுத்ததில்லை. கமராவின் கைப்பிடியை ஒரு தடவைகூடச் சுற்றியதில்லை. இருந்தும், இரண்டாம் உலக யுத்த காலத்தில் கொழும்பில் காட்டப்பட்ட ஒரு மௌனப் படத்தை எடுத்தவன் நான்தான் என்று இந்த நாட்டில் சினிமாவைப் பற்றி எழுதுகிற சிலர் எழுதிவைத்திருக்கிறார்கள். அவர்களைக் குறை சொல்லி என்ன பயன்? முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைத்தவன் நான். அந்தப் படத்தை எடுத்தவர் ஒரு இத்தாலியப் பெண்மணி. வெள்ளைக்காரப் பெண்களை நோனா என்று கூப்பிடுவது கொழும்பு வழக்கம். கொட்டாஞ்சேனையில் அவர் எல்லாருக்கும் இத்தாலி நோனா.

அப்போது எனக்கு இருபத்தெட்டு வயது. கடைகளுக்குப் பெயர்ப்பலகை எழுதுவது தொழில். தமிழ், சிங்களம், இங்கிலீஷ் மூன்றிலும் தூரிகை ஓடும். மூன்றில் ஒன்றிலும் பிழையில்லாமல் ஒரு கடிதம் எழுத வராது. வெள்ளவத்தையில் காலி வீதிக்கும் ரயில் பாதைக்கும் நடுவே ஒரு சின்ன வீட்டில் மனைவியோடும் கைக்குழந்தையோடும் குடியிருந்தேன். காலையில் கோட்டைக்கு ரயில், அங்கிருந்து டிராம், பிறகு நடை. கொட்டாஞ்சேனைத் தியேட்டர் ஒன்றுக்கு, படம் தொடங்குமுன் திரையில் விழுகிற விளம்பரங்களைச் சின்னக் கண்ணாடித் துண்டுகளில் எழுதிக் கொடுத்துவந்தேன். சோடா, குடை, தலைவலி மருந்து, இப்படி. தியேட்டர் முதலாளி ஒரு முஸ்லிம் பெரியவர். ஒருநாள் அவர், "சவப்பெட்டிக் கடைக்கு மேல ஒரு நோனா ஈக்கிறா. அவக்கு எழுத்துக்காரர் ஒருத்தர் வேணுமாம். போய்ப் பாருங்க" என்று என்னை அனுப்பினார்.

மேல்மாடி ஏறினால் கீழிருந்து பலகை வாசனையும் மேலிருந்து மருந்து வாசனையும் ஒன்றாக முகத்தில் அடித்தன. நோனாவுக்கு ஐம்பது வயதை நெருங்கியிருக்கும். படம் கழுவுகிற மருந்தால் விரல்கள் எல்லாம் பழுப்பு. வெற்றிலைக்காரி போல இருக்கிறாரே என்று நினைத்தேன். கல்யாண வீடுகளில் படம் எடுப்பதும், செத்த வீடுகளில் பெட்டியைச் சுற்றிக் குடும்பத்தை நிற்கவைத்துப் படம் பிடிப்பதும் அவருடைய பிழைப்பு. தமிழ் கதைப்பார். துறைமுகப் பக்கத்துக் கூலிப் பெண்களிடம் கற்ற தமிழ் என்பதால் அவருக்கு 'நீங்கள்' என்ற சொல்லே கிடையாது. கோயில் பாதிரியாரையும் 'நீ' என்பார், பொலிஸ்காரனையும் 'நீ' என்பார். என்னை மட்டும் கொஞ்சம் மரியாதையாக 'பாஸ்' என்றார். மேசன், தச்சன், பெயின்டர் எல்லாரையும் சிங்களத்தில் அப்படித்தான் கூப்பிடுவார்கள்.

"பாஸ், நான் ஒரு படம் எடுக்கிறேன். பேசாத படம். பேசுற படத்துக்கு என்கிட்ட மெஷின் இல்ல. நீ எழுத்து எழுதணும்" என்றார்.

ஊர் முழுக்கப் பாட்டுப் படம் பார்த்துப் பைத்தியமாகிக் கிடந்த காலம் அது. பேசாத படத்தை யார் பார்ப்பார்கள் என்று கேட்டேன். "அவங்க பாப்பாங்க" என்று ஜன்னலுக்கு வெளியே கையைக் காட்டினார். தெருவில் காரீயக் கிட்டங்கிப் பெண்கள், அதாவது கிடங்கில் கூலி வேலை செய்பவர்கள், வேலை முடிந்து போய்க்கொண்டிருந்தார்கள். காரீயம் என்றால் பென்சிலுக்குள் இருக்கும் கறுப்பு. சுரங்கங்களிலிருந்து கட்டிகட்டியாக வரும். அதை உடைத்து, தட்டி, தேய்த்து, தரம் பிரிப்பது இந்தப் பெண்களின் வேலை. கை, முகம், சீலை, தலைமயிர் எல்லாம் கறுத்துப் பளபளக்கும். எவ்வளவு தேய்த்துக் குளித்தாலும் காதோரத்தில் அந்தப் பளபளப்பு மிஞ்சும்.

நோனாவின் படம் அவர்களில் ஒருத்தியின் கதை. கிட்டங்கிப் பெண் ஒருத்தி, காய்ச்சலில் கிடக்கும் பிள்ளையைப் பார்க்க வேலை நேரத்தில் வீட்டுக்கு ஓடுகிறாள். கறுத்த முகத்தோடு வந்த தாயைப் பார்த்து, யாரோ என்று பயந்து பிள்ளை அலறுகிறது. அவள் கழுவக் கழுவ முகம் வெளுக்கவில்லை. கழுவி முடித்து வருவதற்குள் பிள்ளை இறந்துவிடுகிறது. இவ்வளவுதான் கதை. நடித்தவளும் உண்மையான கிட்டங்கிக்காரிதான். மலைநாட்டுத் தேயிலைத் தோட்டத்திலிருந்து கொழும்புக்கு இறங்கி வந்தவள். முகம் கழுவுகிற காட்சியை அவள் நடித்தபோது நான் பக்கத்தில் நின்றேன். பார்க்க முடியாமல் தலையைத் திருப்பிக்கொண்டேன். நோனா மட்டும் முகத்தில் ஒரு அசைவும் இல்லாமல் கைப்பிடியைச் சுற்றிக்கொண்டேயிருந்தார்.

படத்துக்கு நடுவில் வரும் எழுத்து அட்டைகளை எழுதுவது என் வேலை. கறுப்புப் பூசிய பலகையில் வெள்ளை எழுத்து. மூன்று மொழி. அதைக் கொல்லைப்புறத்து வெயிலில் சுவரோடு சாய்த்துவைத்து, முன்னால் கமராவை நிறுத்துவார். எவ்வளவு நேரம் ஓடவேண்டும் என்பதற்கு அவரிடம் ஒரு கணக்கு இருந்தது. நான் பக்கத்தில் நின்று அட்டையை நிதானமாக, எழுத்துக்கூட்டி வாசிக்கிறவன் மாதிரி, இரண்டு தடவை உரக்க வாசிக்க வேண்டும். நான் முடிக்கும்வரை அவர் சுற்றுவார். நான் அவசரப்பட்டால், "பாஸ், உனக்குப் படிக்கத் தெரியும். அவனுக்குத் தெரியாது. மெதுவா" என்று திட்டுவார். சவப்பெட்டிக் கடை ஆட்கள் வேலையை விட்டுவிட்டு வந்து இந்தக் கூத்தைப் பார்ப்பார்கள்.

எழுத்து காயும்வரை சும்மா இருக்கமாட்டார், கதை சொல்வார். அப்படித் துண்டு துண்டாகத்தான் அவருடைய வாழ்க்கை எனக்குத் தெரியவந்தது. துறைமுகப் பட்டினம் ஒன்றில் பிறந்தவர். பதினைந்து வயதில் படக் கம்பனி ஒன்றில் சேர்ந்திருக்கிறார். வேலை என்ன தெரியுமா? படச்சுருளில் ஒவ்வொரு படமாகத் தூரிகையால் நிறம் பூசுவது. ராணியின் உடுப்புக்குச் சிவப்பு, நெருப்புக்கு மஞ்சள். பெண்பிள்ளைகள் வரிசையாகக் குந்தியிருந்து கண் பூத்துப்போகும்வரை பூசுவார்களாம். "நானும் உன்னை மாதிரி பெயின்ட் பாஸ்தான்" என்று சிரித்தார். பிறகு துண்டுகளை வெட்டி ஒட்டும் வேலை. பிறகு கம்பனியில் படம் எடுத்த டைரக்டரையே கல்யாணம் முடித்தார்.

புருஷன் மத்தியானத்துக்குப் பிறகு குடிக்கிற ஆள். குடித்தால் தூங்குவான். படம் நிற்கக்கூடாதே என்று மனைவி கமராவுக்குப் பக்கத்தில் போய் நின்றார். முதலில் மத்தியானத்தில் மட்டும். பிறகு காலையிலிருந்தே. பதினொரு படங்கள். எல்லாவற்றையும் நோனா எடுத்தார்; எல்லாவற்றிலும் புருஷனுடைய பெயர். ஒரு படத்தைப் பார்த்துவிட்டு, ஒரு ஆண்பிள்ளையின் உறுதியான கைதான் இதைச் செய்திருக்க முடியும் என்று பத்திரிகை ஒன்று புகழ்ந்து எழுதியதாம். அந்தத் துண்டை வெட்டிப் பெட்டியில் வைத்திருந்தார். எனக்குக் காட்டினார். இத்தாலிய எழுத்து எனக்கு என்ன விளங்கும்? அவர் விரலை வைத்து ஒவ்வொரு சொல்லாகச் சொல்லிக் காட்டினார். சிரித்துக்கொண்டு சொல்ல நினைத்தார், முடியவில்லை.

புருஷன் செத்துப்போனான். பேசும் படம் வந்தது. அங்கே ஆட்சிக்கு வந்தவர்களுக்குக் கொடியும் அணிவகுப்பும் உள்ள படங்கள்தான் வேண்டியிருந்தன. அழுக்கு உடுப்புப் போட்ட ஏழைப் பெண்களைத் திரையில் காட்டினால் அனுமதி கிடையாது. இந்தப் பதினொரு படத்தையும் எடுத்தது நான்தான் என்று கம்பனி கம்பனியாக ஏறி இறங்கியிருக்கிறார். செத்தவன் பெயரைத் திருடப் பார்க்கிறாயா என்று கேட்டார்களாம். கடைசியில், யானைகளைப் படம் பிடிக்க இலங்கைக்கு வந்த ஒரு குழுவோடு துண்டு ஒட்டும் வேலைக்காகக் கப்பலேறினார். குழு திரும்பிப் போனது. இவர் கொட்டாஞ்சேனையில் தங்கிவிட்டார்.

"பாஸ், இது பன்னிரண்டாவது. இதுல என் பேரு வரும்" என்றார்.

கடைசியாக எழுதிய அட்டை அதுதான். மூன்று மொழியிலும் அவருடைய பெயர், கீழே 'எடுத்தவர்' என்று ஒரு சொல். வழக்கம்போல இரண்டு தடவை வாசித்து நிறுத்தினேன். "இன்னும்" என்றார். நாலு தடவை வாசிக்கவைத்தார். அதற்குப் பிறகும் கொஞ்ச நேரம் சுற்றிவிட்டுத்தான் கையை எடுத்தார். கடையாட்கள் கை தட்டினார்கள். நோனா வெட்கப்பட்டு நான் பார்த்த ஒரே நாள் அதுதான்.

அடுத்த வாரம் படம் காட்டுவதாக இருந்தது. ஆர்மோனியத்துக்கும் வயலினுக்கும் ஆள் பேசியாகிவிட்டது. இந்த நேரத்தில் இத்தாலி ஜெர்மனியோடு சேர்ந்து யுத்தத்தில் இறங்கிவிட்டது என்று வானொலியில் செய்தி வந்தது. மறுநாள் காலை நான் வாசலில் ஒட்டும் போஸ்டரை எடுத்துக்கொண்டு மாடி ஏறினேன். உள்ளே ஒரு வெள்ளைக்கார இன்ஸ்பெக்டரும் இரண்டு பொலிஸ்காரர்களும் நின்றார்கள். எதிரி நாட்டுக்காரர்கள் எல்லாரையும் மலைநாட்டு முகாமில் அடைக்கப்போகிறார்களாம். கமராவுக்கு ஏற்கெனவே சீல் வைத்துவிட்டார்கள். நோனா பெட்டி அடுக்கிக்கொண்டிருந்தார். படச்சுருள்கள் ஐந்து தகரப் பெட்டிகளில் இருந்தன. அவற்றைத் தேயிலைப் பெட்டி ஒன்றில் போட்டு என் பக்கம் தள்ளினார். தியேட்டருக்குச் சொந்தமான சாமான் என்று இன்ஸ்பெக்டரிடம் சொன்னார். அந்த ஆள் நல்லவன், துருவிக் கேட்கவில்லை.

"பாஸ், இத பத்திரமா வெச்சுக்க. நான் வர்ற வரைக்கும் காட்டாட்டியும் பரவால்ல. என் பேரு இல்லாம மட்டும் காட்டாதே. புரியுதா?"

"ஓம் நோனா."

"சத்தியம் பண்ணு."

தகரப் பெட்டியில் கை வைத்துச் சத்தியம் பண்ணினேன். மனதார, முழு உண்மையாகத்தான் பண்ணினேன். அயோக்கியன் ஒருவன் பொய்ச் சத்தியம் செய்தான் என்று யாரும் நினைத்துவிடக் கூடாது. அந்த நிமிஷத்தில் நான் யோக்கியன். அப்படியே செத்துப்போயிருந்தால் நல்ல மனிதனாகவே போயிருப்பேன்.

மூன்று நாலு மாதம் கழித்துத் தியேட்டர் முதலாளி கூப்பிட்டனுப்பினார். யுத்தத்தால் கப்பல்கள் நினைத்த நேரத்துக்கு வருவதில்லை. படப்பெட்டி வராமல் தியேட்டர் பூட்டிக் கிடந்தது.

"நோனாட படம் உங்கட கையில தானே ஈக்கிது? போடுவோம். ஆனா அவட பேரோட போட ஏலாது. பொலிஸ் என்னையும் கொண்டுபோய் அந்த முகாம்லயே வெச்சிரும்."

"பேரில்லாமல் போட மாட்டன் எண்டு சத்தியம் பண்ணிக் குடுத்திட்டன் முதலாளி" என்றேன்.

"பேரில்லாம ஆரு போடச் சொன்னது? அனுமதிப் பாரத்துல எடுத்தவர் பேரு எண்டு ஒரு இடம் ஈக்கிது. வெறுமையா உட்டா அனுமதி இல்ல. எழுத்து முழுக்க எழுதினது நீங்க. கூடமாட நிண்டதும் நீங்க. உங்கட பேரப் போடுங்க. யுத்தம் முடிஞ்சா மாத்திக் கொள்ளலாம்."

பழம் நழுவிப் பாலில் விழுந்தது என்று அன்றைக்கு நான் நினைக்கவில்லை. இரண்டு நாள் யோசித்தேன். யோசனை என்றா சொல்வது? ஆடு நனைகிறதென்று ஓநாய் அழுத கதை. வீட்டில் ஒரு தகரப் பெட்டியைத் திறந்து பார்த்தேன். காரமாக ஒரு நெடி வந்தது. இந்த நாட்டு வெக்கையில் சுருள் ஒன்றோடொன்று ஒட்டிப் பிசினாகிவிடும் என்று நோனா சொல்லியிருந்தார். வெளிச்சத்துக்கு வராமலே வீணாகப் போவதைவிடக் காட்டிவிடுவது நல்லதில்லையா? கிட்டங்கிப் பெண்கள் தங்கள் முகத்தை ஒருதரம் பார்க்கட்டுமே. நோனாவே இருந்தால் சம்மதிப்பார். இப்படியெல்லாம் எனக்கு நானே வக்கீல் வைத்து வாதாடினேன். எதிர்த்தரப்பு முகாமில் இருந்தது.

நோனா வெட்டி ஒட்டுவதைப் பலமுறை பார்த்திருக்கிறேன். வீட்டில் மனைவியின் தையல் கத்தரிக்கோலை எடுத்து முதல் சுருளிலிருந்து பெயர் அட்டையை வெட்டினேன். இரண்டு சீலை நீளத்துக்கு வந்தது. அதைச் சுற்றி ஒரு சிகரெட் டின்னில் போட்டேன். மீதியை ஒட்டினேன். திரையில் அந்த இடத்தில் காட்டுவதற்கு ஒரு கண்ணாடித் துண்டு எழுதினேன். சோடாவுக்கும் குடைக்கும் எழுதுகிற அதே துண்டு. மூன்று மொழியிலும் என் பெயர், கீழே 'எடுத்தவர்'. அவ்வளவு அழகாக நான் என் ஆயுளில் வேறெதையும் எழுதியதில்லை என்பதையும் சொல்லிவிட வேண்டும்.

படம் ஓடியது. ஒரு வாரம் என்று போட்டது மூன்று வாரம் போயிற்று. முதல் ஞாயிறு கிட்டங்கிப் பெண்கள் கூட்டமாக வந்து முன்வரிசைப் பெஞ்சுகளை நிறைத்தார்கள். தங்களைத் திரையில் கண்டதும் ஒருத்தி பெயரை ஒருத்தி சொல்லிக் கூச்சல் போட்டார்கள். முகம் கழுவுகிற காட்சி வந்தபோது கூச்சல் அடங்கிப்போனது. ஆர்மோனியக்காரன் வாசிக்க மறந்து பார்த்துக்கொண்டிருந்தான். படம் முடிந்து வெளியே வந்தபோது, நடித்த பெண் என்னைத் தேடி வந்தாள். காதோரம் அதே பளபளப்பு.

"ஐயா, தன் பேரு வரும்போது எல்லாரும் கை தட்டணும்னு நோனா சொல்லிட்டுப் போனாங்க. பக்கத்துல இருந்த தம்பியப் படிக்கச் சொன்னேன். அது வேற பேரு படிச்சிச்சு. நோனா பேரு எப்ப வந்திச்சு?"

"சண்டை முடிஞ்சாப் பிறகு வரும்" என்றேன்.

அவள் என்னை ஒரு பார்வை பார்த்தாள். வாசலில் முதலாளி நாலு பெரிய மனிதர்களோடு நின்று என்னைக் கூப்பிட்டார், நான் போய்விட்டேன்.

பத்திரிகைக்காரர்கள் எழுதினார்கள். நம்மவர் ஒருவர் நம் மண்ணில் எடுத்த படம் என்று தூக்கிவைத்தார்கள். பம்பலப்பிட்டியில் ஒரு சங்கம் எனக்கு மாலை போட்டது. பேசச் சொன்னார்கள். கடைத் தேங்காயை எடுத்து வழிப் பிள்ளையாருக்கு உடைத்தவன் என்ன பேசுவான்? காரீயப் பெண்களின் துன்பத்தை நேரில் கண்டதாகவும், அதனால் மனம் உருகி எடுத்ததாகவும் பேசினேன். நோனா அட்டை காயும்போது சொன்ன சொற்களையே எடுத்து, மரியாதை விகுதி சேர்த்துப் பேசினேன். நல்ல கைதட்டல். பின்வரிசையில் இருந்த மனைவி மட்டும் குழந்தையைத் தூக்கிக்கொண்டு வெளியே போய்விட்டாள்.

அதன் பிறகு அரசாங்கக் கந்தோர் ஒன்றில் வேலை கிடைத்தது. யுத்தகாலப் போஸ்டர்கள், பயிர் செய்யச் சொல்லும் சின்னப் படங்கள். படம் எடுக்க வேறு ஆட்கள் இருந்தார்கள்; நான் மேசையில் இருந்து மேற்பார்வை. எல்லாரும் 'டிரெக்டர்' என்றார்கள். முதலில் யாரையோ கூப்பிடுகிறார்கள் என்று திரும்பிப் பார்ப்பேன். கொஞ்ச நாளில் பழகிவிட்டது.

கந்தோரின் வெள்ளைக்காரத் துரை எங்கள் வீட்டுக்குத் தேநீருக்கு வருவதாகச் சொன்ன அன்று, அந்தச் சிகரெட் டின் நினைவுக்கு வந்து பயம் பிடித்தது. எதிரி நாட்டுக்காரியின் பெயரை வீட்டில் வைத்திருக்கிறேன் என்று தெரிந்தால்? ரயில் பாதைப் பக்கத்துக் கொல்லையில் டின்னைக் கவிழ்த்து நெருப்புக் குச்சி கிழித்தேன். படச்சுருள் எரிவதை நீங்கள் பார்த்திருக்கமாட்டீர்கள். புஸ்ஸென்று ஒரு மஞ்சள் சுவாலை, அவ்வளவுதான். நாலு தடவை வாசிக்கிற பெயர் ஒரு தடவை வாசிக்கும் முன்பே முடிந்துவிட்டது.

"என்னத்தை எரிக்கிறியள்?" என்று மனைவி குசினி வாசலிலிருந்து கேட்டாள்.

"குப்பை."

"குப்பையை ஆரும் டின்னுக்கை மூடி வைச்சிருப்பினமோ?" என்று கேட்டுவிட்டு உள்ளே போனாள்.

ஈஸ்டர் ஞாயிறன்று ஜப்பான்காரன் துறைமுகத்தில் குண்டு போட்டான். கொழும்பே காலியானது. மனைவியையும் பிள்ளையையும் யாழ்ப்பாணம் அனுப்பினேன். பல மாதம் கழித்துத்தான் திரும்பி வந்தார்கள். குண்டு விழுந்ததற்கு அடுத்த வருடம் இத்தாலி சரணடைந்தது. முகாமிலிருந்து ஆட்களை விடத் தொடங்கினார்கள். ஒருநாள் காலை, மழைத் தூறலில், எங்கள் வீட்டு வாசலில் நோனா நின்றார்.

பாதி ஆளாகியிருந்தார். தலைமயிரைக் கட்டையாக வெட்டியிருந்தார். இருமல். உள்ளே வந்து கதிரையில் உட்கார்ந்தார். மனைவி தேத்தண்ணீர் கொண்டுவந்து வைத்துவிட்டு, போகாமல் கதவோரம் நின்றாள். சுருள்கள் தியேட்டரில் பத்திரமாக இருக்கின்றன என்று ஆரம்பித்தேன்.

"எல்லாம் தெரியும். நேத்து அவளப் பாத்தேன்" என்றார். கிட்டங்கிப் பெண்ணைச் சொல்கிறார் என்று விளங்கியது. "என் பேரு இருந்த துண்டு எங்க?"

"எரிச்சுப்போட்டன்."

அவர் கத்தவில்லை. கத்தியிருந்தால் நானும் திருப்பிக் கத்தித் தப்பியிருப்பேன்.

"பதினோரு படத்தை ஒருத்தன் எடுத்துக்கிட்டான். அவன் என் புருஷன். நீ யாரு?"

அழுதேன். உண்மையாகவே அழுதேன். என் அழுகை அவருக்கு எந்த வேலைக்கும் உதவவில்லை. தேத்தண்ணீரைக் குடித்து முடித்தபின் நிதானமாகச் சொன்னார்: அனுமதி கொடுக்கிற கந்தோரில் விசாரித்திருக்கிறார். அனுமதிப் பாரத்தில் பெயர் உள்ளவன் நேரில் வந்து, இந்தப் படம் இன்னாருடையது என்று எழுதிக் கையெழுத்து வைத்தால் மாற்றிக் கொடுப்பார்களாம். இத்தாலி சரணடைந்துவிட்டதால் இனிமேல் தடையில்லை. திங்கட்கிழமை பத்து மணி.

"ஒரு கையெழுத்து பாஸ். உன்னப் பத்தி யார்கிட்டயும் பேசமாட்டேன்."

"கட்டாயம் வாறன் நோனா" என்றேன்.

அவர் போனதும் மனைவி, "போங்கோ. போய் வைச்சிட்டு வாங்கோ. பலகை எழுதிச் சாப்பிட்ட நாள்களிலை நாங்கள் ஒண்டும் செத்துப்போகேல்லை" என்றாள்.

திங்கட்கிழமை போனேன். வெள்ளைக் கோட்டுப் போட்டுக்கொண்டு ரயிலேறினேன். வழியெல்லாம் கடலைப் பார்த்துக்கொண்டு, எழுத வேண்டிய வசனத்தை மனதுக்குள் சொல்லிப் பார்த்தேன். கோட்டையில் இறங்கிக் கந்தோர் இருந்த தெருவுக்கு வந்தபோது பத்து மணிக்கு ஐந்து நிமிஷம் இருந்தது. விறாந்தையில் நீளமான பெஞ்சில் நோனா இருப்பது தெருவிலிருந்தே தெரிந்தது. இஸ்திரி போட்ட கவுன். மடியில் கடிதாசிச் சுருள். நான் தெருவைக் கடக்கக் காலை எடுத்துவைத்தேன்.

"டிரெக்டர்!" என்று பின்னாலிருந்து ஒரு குரல். எங்கள் கந்தோர்த் துரை. அவருக்கும் அதே கட்டடத்தில் மேல்மாடியில் ஏதோ வேலை. என் தோளில் கைபோட்டு, அடுத்த படத்தைப் பற்றிக் கதைத்துக்கொண்டே என்னை நடத்திக்கொண்டு போனார். விறாந்தையில் ஏறினோம். என்னைக் கண்டதும் நோனா எழுந்து நின்றார். கவுனை நீவிவிட்டுக்கொண்டார். முகம் மலர்ந்தது. நான் வந்துவிட்டேன் என்று நினைத்தார்.

நான் துரையின் பக்கம் முகத்தைத் திருப்பி, அவர் சொன்ன எதற்கோ சிரித்துக்கொண்டு, நோனாவைக் கடந்து படியேறினேன். இரண்டடி தூரம்தான் இருக்கும். இருமல் மருந்து வாசனை மூக்கில் அடித்தது. மேலே போய் உட்கார்ந்து என்ன கதைத்தேன் என்று ஒன்றும் நினைவில்லை. பதினொன்றரைக்கு எட்டிப் பார்த்தேன், பெஞ்சில் இருந்தார். ஒரு மணிக்குப் பார்த்தேன், இருந்தார். பின்பக்கத்துப் படியால் இறங்கிப் போய்விட்டேன். அன்றைக்கு மனைவி சோற்றை வைத்துவிட்டு உள்ளே போய்விட்டாள். என் முகத்திலேயே எல்லாம் இருந்திருக்க வேண்டும்.

நோனா பிறகு வரவில்லை. கடிதமும் இல்லை. சில மாதம் கழித்துப் பெரியாஸ்பத்திரியில் நெஞ்சு நோயால் இறந்துபோனார் என்று கேள்விப்பட்டேன். சவப்பெட்டிக் கடைக்காரர் பெட்டியைச் சும்மா கொடுத்தாராம். கிட்டங்கிப் பெண்கள் தூக்கிப் போயிருக்கிறார்கள். அடக்கம் முடிந்த அடுத்த வாரம் கடைக்காரர் ஒரு மரச் சிலுவையோடு என் வீட்டுக்கு வந்தார். பழைய பழக்கத்தில் வந்திருக்கிறார். கந்தோரில் நடந்தது ஒன்றும் அவருக்குத் தெரியாது. பாதிரியார் இங்கிலீஷில் எழுதிக்கொடுத்த சீட்டைக் காட்டினார். கோயில் புத்தகத்தில் உள்ளபடி, இன்னாரின் விதவை என்று புருஷனுடைய பெயர் மட்டும் இருந்தது.

"நோனாட சொந்தப் பேர் ஐயாவுக்குத் தெரிஞ்சிருக்கும்தானே? கீழ இடம் கிடக்குது. ரெண்டு சொல்லு சேர்க்கலாம்" என்றார்.

தெரியும் என்று சொல்லவில்லை. சீட்டில் இருந்ததை அப்படியே எழுதிக் கொடுத்தனுப்பினேன். கதவோரம் நின்ற மனைவி அதை வாசித்தாள். அதன் பிறகு இருபது வருடம் என்னோடு குடும்பம் நடத்தினாள். என் படத்தைப் பற்றி யாராவது எங்கள் வீட்டில் பேச்செடுத்தால் மட்டும் எழுந்து குசினிக்குப் போய்விடுவாள்.

இப்போது எனக்கு வயது போய்விட்டது. உண்மையை எழுதிவைத்துவிட்டுச் சாகலாம் என்றுதான் உட்கார்ந்தேன். எழுதியதைத் திரும்ப வாசித்தால் ஒருவருடைய பெயரும் இதில் இல்லை. நோனாவின் பெயர் எனக்கு மூன்று மொழியிலும் நினைவிருக்கிறது. தூரிகை பிடித்த கை, தூக்கத்தில்கூட எழுதும். ஆனால் அதை எழுதினால் பக்கத்தில் என் பெயரையும் எழுத வேண்டிவரும். என் பேரப்பிள்ளைகள் பள்ளிக்கூடத்தில் அந்தப் பெயரைப் பெருமையாகச் சொல்லிக்கொள்கிறார்கள்.